பழையனூர் நீலியும் கணினிப் பேயும்

மெய்ப்பாடு எட்டு என வகுத்த தொல்காப்பியர், அவற்றுள் ஒன்றாகிய அச்சத்திற்கு நான்கு நிலைக்களன்களைச் சுட்டினார். அணங்கு, விலங்கு, கள்வர், தம்மை ஆளும் இறை என்பன அவை. நெடுங்காலம் கழிந்த பின்னும் அப்பட்டியலில் புதிதாகச் சேர்ப்பதற்கு ஒன்றும் நமக்கு எளிதில் அகப்படவில்லை. பேய்க்கதை என்றால் அணங்கு. காட்டுக்கதை என்றால் விலங்கு. கொலைக்கதை என்றால் கள்வர். சிறையும் ஒற்றும் கொடுங்கோலும் பற்றிய கதை என்றால் இறை. நாவலாயினும் நாடகமாயினும் திரைப்படமாயினும் இந்நான்கனுள் ஒன்றைப் பற்றியே நம்மை அஞ்ச வைக்கின்றது.

ஆயினும் ஒரு வினா எஞ்சி நிற்கின்றது. அஞ்சுகின்றவர் யார்? கதையில் நடமாடும் மாந்தரா, அதனைக் கேட்டும் கண்டும் இருக்கின்ற நாமா? திரையில் ஒருத்தி இருண்ட அறையின் கதவைத் திறக்கப் போகிறாள். நாம் இருக்கையில் அமர்ந்து 'திறக்காதே' என்று மனத்துள் கூவுகின்றோம். அவள் திறந்துவிடுகிறாள். விளைவு அவளுடையது. நம் கை, நொறுக்குத் தீனிப் பொட்டலத்தைப் பற்றியவாறு பழியின்றி இருக்கின்றது.

அந்தக் கையைப் பழியின்றி இருக்கவிடாத கலை ஒன்று, சென்ற பதினைந்து ஆண்டுகளில் வளர்ந்து வந்துள்ளது. பெருநிறுவனங்களின் துணையின்றி, ஒருவரோ ஒரு சிறு குழுவினரோ ஆக்கி வெளியிடும் கணினி விளையாட்டுகளை 'இண்டி' விளையாட்டுகள் என்று சுருக்கி அழைக்கின்றனர். அச்சக் கதை என்னும் துறைக்கு அவை அளித்த கொடை யாது, நம் தமிழ்த் திரை அதனை எவ்வளவு பெற்றுக்கொண்டது, அக்கொடைக்கு நிகரான பொருள் நம்மிடமே முன்பு இருந்ததா என்னும் மூன்றையும் ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும். இத்துறையில் நாம் புலமை உடையோம் அல்லோம். மைய அரசு அலுவலகமொன்றில் கோப்புகளோடு காலங்கழிக்கும் எழுத்தர் நாம். இப்பொருளின்பால் நம்மைச் செலுத்தியது எங்கள் இல்லத்தில் நிகழ்ந்த ஒரு சிறு பூசலே.

விளக்கும் கையும்

எங்கள் மகள் பத்தாம் வகுப்பில் பயில்கிறாள். ஓரிரவு, தேர்வு நெருங்கிய காலம், விளக்கை அணைத்துவிட்டுக் கணினியின் முன் அமர்ந்திருந்தாள். திரையில் ஓர் இருண்ட மாளிகை, ஒரு கைவிளக்கு, எங்கோ காலடி ஓசை. நாம் சினந்து கணினியை மூடினோம். 'பேயைப் பார்க்கவா உனக்கு இதனை வாங்கிக் கொடுத்தோம்?' என்று கேட்டோம். அவள் அழவில்லை. "அப்பா, நீங்க ஒரு தடவை விளையாடிப் பாத்துட்டுத் திட்டுங்க" என்று மட்டும் சொன்னாள்.

அந்தச் சொல் நம்மை உறுத்தியது. நூலைப் படியாமல் அதனைத் திறனாய்வது முறையன்று என்பதை நாமே பலருக்குச் சொல்லியிருக்கிறோம். அடுத்து வந்த ஞாயிறன்று மகளின் நாற்காலியில் நாமே அமர்ந்தோம்.

அந்த விளையாட்டு, சுவீடன் நாட்டு 'ஃபிரிக்ஷனல் கேம்ஸ்' என்னும் சிறு குழுவினர் 2010-இல் வெளியிட்ட 'அம்னீசியா: தி டார்க் டிசென்ட்' என்பதாகும். அதற்கு முன் வந்த விளையாட்டுகளில் பெரும்பாலும் ஆடுவோன் கையில் துப்பாக்கியோ வாளோ இருக்கும். எதிரே வருவது எத்துணைக் கொடியதாயினும் அதனைச் சுட்டு வீழ்த்தலாம். இதில் படைக்கலம் எதுவுமில்லை. ஒரு விளக்கு உண்டு. அதில் எண்ணெய் குறைவு. இருளில் நின்றால் அறிவு தடுமாறும். விளக்கை ஏற்றினால் எண்ணெய் தீரும். ஒளியைக் கண்டு அது நம்மைத் தேடியும் வரும். வருவதை உற்றுப் பார்த்தாலும் அறிவு தடுமாறும். ஆகவே அஞ்சுவதைக் கண்ணால் காணவும் வழியின்றி, மூலையில் முகம் திருப்பி நிற்க வேண்டும். ஒவ்வொரு கதவையும் நம் கையே சுட்டியைப் பற்றி இழுத்துத் திறக்க வேண்டும். சிறிது திறந்து எட்டிப் பார்க்கலாம், பட்டென்று சாத்திவிடலாம். ஐந்தாம் கதவின் முன் நம் கை நின்றுவிட்டது என்பதை நாணத்துடன் ஒப்புக்கொள்கிறோம்.

அக்கதையின் தலைவன் தன் நினைவை இழந்தவன். நினைவை நஞ்சு போல் ஒரு மருந்தால் தானே அழித்துக்கொண்டவன். ஏன் அழித்தான் என்பது மெல்ல மெல்லப் புலனாகிறது. அம்மாளிகையில் பிறரை வதைத்த செயல்களில் அவனுக்கும் பங்குண்டு. முன்னே துரத்துவது பேய்; பின்னே துரத்துவது தான் செய்த வினை. தொல்காப்பியர் சுட்டிய நான்கனுள் இது எதனுள் அடங்கும் என்று அன்றிரவு நெடுநேரம் எண்ணிக் கிடந்தோம். அணங்கு புறத்தே இருந்தது உண்மை. ஆனால் அஞ்ச வைத்தது அதுவன்று.

வறுமை வகுத்த வடிவம்

இச்சிறு விளையாட்டுகளின் வரலாற்றை நோக்கினால் ஓர் உண்மை விளங்கும். அவற்றின் வடிவத்தைப் பெரும்பாலும் வறுமையே வகுத்தது.

2012-இல் மார்க் ஹாட்லி என்பவர் 'ஸ்லெண்டர்: தி எய்ட் பேஜஸ்' என்பதை விலையின்றி வெளியிட்டார். இருட்காடு ஒன்று, கையில் ஒரு மின்விளக்கு, மரங்களிலும் சுவர்களிலும் ஒட்டப்பட்ட எட்டுத் தாள்கள். அவற்றைத் திரட்டும்போது முகமற்ற நெட்டை மனிதன் ஒருவன் பின்தொடர்வான். அவ்வுருவம் 2009-இல் எரிக் நூட்சன் என்பவர் இணையத்தில் புனைந்தது. காட்டை விரிவாக வரையப் பொருள் இல்லாதபோது இருளே காடாகிவிடுகிறது. முகம் வரையாமையே அச்சமாகிவிடுகிறது.

2014-இல் அமெரிக்கரான ஸ்காட் காதன் தனியொருவராக ஆக்கிய 'ஃபைவ் நைட்ஸ் அட் ஃப்ரெடிஸ்' இன்னும் சிறந்த எடுத்துக்காட்டு. அவருடைய முந்தைய விளையாட்டொன்றில் வந்த பாத்திரங்கள் உயிரற்ற எந்திரப் பொம்மைகளைப் போல் அச்சுறுத்துகின்றன என்று குறை கூறினர். மனமுடைந்த அவர், பின் அக்குறையையே முதலாகக் கொண்டார். குழந்தைகள் கூடும் உணவு விடுதியில் எந்திரப் பொம்மைகள் இரவில் எழுந்து நடக்கின்றன. ஆடுவோன் இரவுக் காவலன். அவன் நாற்காலியை விட்டு எழ முடியாது. கண்காணிப்புக் கேமராக்கள் உண்டு. இருபுறமும் கதவுகள் உண்டு. ஆனால் கேமராவைப் பார்த்தாலும் கதவைச் சாத்தினாலும் மின்சாரம் செலவாகும். விடியுமுன் மின்சாரம் தீர்ந்தால் முடிந்தது கதை.

மாதக் கடைசியில் சம்பளப் பணத்தை எண்ணி எண்ணிச் செலவிடும் நம்மனோர்க்கு இவ்வச்சம் எளிதில் விளங்கும். எதைக் காப்பது, எதைக் கைவிடுவது என்னும் கணக்கே இங்குப் பேயாக வந்து நிற்கின்றது.

2020-இல் இங்கிலாந்திலிருந்து வெளிவந்த 'ஃபாஸ்மோஃபோபியா' என்னும் விளையாட்டு, ஆடுவோரின் குரலையே கேட்கின்றது. பேயின் பெயரை வாய்விட்டுச் சொன்னால் பேய் செவிமடுக்கும். இரவில் அதன் பெயரைச் சொல்லாதே என்று நம் பாட்டிமார் கடிந்துகொண்டதை மூடநம்பிக்கை என்று தள்ளினோம். அஃது ஒரு கதையாடலின் விதியும் ஆகும் என்று இப்போது தோன்றுகிறது.

திரை பெற்றதும் பெறாததும்

இவ்விளையாட்டுகளின் புகழைத் திரையுலகம் விரைவில் கண்டுகொண்டது. நெட்டை மனிதன் 2018-இல் ஆலிவுட் படமானான். 'ஃப்ரெடிஸ்' 2023-இல் படமாகிப் பெரும்பொருள் ஈட்டியது. ஆயினும் இவை இரண்டிலும் விளையாட்டின் உருவம் வந்ததேயன்றி உயிர் வந்ததாகக் கொள்ள இயலவில்லை. எந்திரப் பொம்மைகள் அனைத்தும் திரையில் வந்தன. மின்சாரத்தை எண்ணும் நம் பதைப்பு வரவில்லை. காவலன் எண்ணுவதை நாம் வேடிக்கை பார்த்தோம்.

ஜப்பானில் கொடாகே கிரியேட் என்னும் பெயரில் ஒருவர் 2023-இல் வெளியிட்ட 'தி எக்ஸிட் 8' வேறுவகையானது. நிலத்தடி வழியொன்றில் ஆடுவோன் நடக்கிறான். சுவரொட்டி, கதவு, எதிரே வரும் மனிதர் ஆகியவற்றுள் ஏதேனும் மாறுபட்டிருந்தால் திரும்ப வேண்டும். மாறுபாடு இல்லையேல் மேலே செல்ல வேண்டும். பிழைத்தால் மீண்டும் தொடக்கத்திலிருந்து நடக்க வேண்டும். இதனை 2025-இல் கெங்கி கவாமுரா திரைப்படமாக்கினார். படம் காண்போரும் தலைவனோடு சேர்ந்து சுவர்களைத் துருவத் தொடங்குகின்றனர். கண்ணுக்கு ஒரு வேலை கொடுத்தமையால், இருக்கையில் அமர்ந்தோரும் ஓரளவு ஆடுவோராயினர்.

தமிழுக்கு வருவோம். எங்கள் ஊராகிய பிச்சாட்டூர் ஆந்திர எல்லைக்குள் இருப்பது. ஆரணியாற்று அணைக்கட்டால் அறியப்படுவது. முன்பு சித்தூர் மாவட்டத்திலும் 2022 முதல் திருப்பதி மாவட்டத்திலும் உள்ளது. 1960-இல் வட எல்லை வரையறுக்கப்பட்டுத் திருத்தணி தமிழகத்தோடு சேர்ந்தபோது, எல்லைக்கு இப்பால் நின்றுவிட்ட தமிழ்க் குடும்பங்களுள் எங்களதும் ஒன்று. தெருவில் தெலுங்கு, வீட்டில் தமிழ் என்று வளர்ந்தோம். ஆதலின் பேய்ப்படமும் எங்களுக்கு இரு மொழியிலும் வாய்த்தது. விட்டலாசார்யாவின் 'ஜகன்மோகினி' 1978-இல் தெலுங்கில் வந்த படம். எங்கள் இளமையிலும் ஊர் ஊராக ஓடிக்கொண்டிருந்தது. பேய் தன் காலையே விறகாக அடுப்பில் நீட்டிச் சமைக்கும் காட்சியைக் கண்டு அலறியவர்களும் சிரித்தவர்களும் ஒரே தரையில் அமர்ந்திருந்தோம். கலிங்கத்துப் பரணியின் பேய்கள் போர்க்களத்தில் கூழ் அட்டு உண்டதைக் கற்றபோது, இவர்களை முன்பே அறிவோமே என்றுதான் தோன்றியது.

அம்மரபின் தொடர்ச்சியாகவே, 2007-இல் வந்த 'முனி'யும் 2011-இல் வந்த 'காஞ்சனா'வும் 2014-இல் வந்த 'அரண்மனை'யும் சிரிப்பையும் அச்சத்தையும் பிசைந்து தந்தன. அவற்றை நாம் இகழவில்லை. குடும்பத்தோடு அமர்ந்து காண்பதற்கு அவை பயன்பட்டன. ஆயின் அவற்றில் அஞ்சுவதற்கு நேரமில்லை. அச்சம் முளைக்குமுன் நகைச்சுவை நடிகர் ஓடிவந்துவிடுகிறார்.

இவற்றினின்று விலகி நிற்பது, அஸ்வின் சரவணன் இயக்கிய 'கேம் ஓவர்'. டாப்சி நடிப்பில் 2019-இல் தமிழிலும் தெலுங்கிலும் ஒருங்கே எடுக்கப்பட்ட படம். எங்களைப் போன்ற இருமொழிக் குடும்பத்தார்க்கு இதில் தனியொரு மகிழ்ச்சியும் உண்டு. தலைவி கணினி விளையாட்டுகளை வடிவமைப்பவள். இருளைக் கண்டு அஞ்சுபவள். கால்கள் முறிந்து சக்கர நாற்காலியில் இருப்பவள். இரவில் முகமூடி அணிந்த கொலைஞர்கள் அவள் வீட்டை வளைக்கின்றனர். அவளுக்கு மூன்று உயிர்கள். ஓருயிர் போனால் அடுத்த உயிரில் மீண்டும் அதே இரவு.

படத்தில் தலைவி விரும்பி ஆடுவது 1980-இல் ஜப்பானிய நிறுவனமொன்று வெளியிட்ட 'பாக்மேன்'; அது சிறு குழுவினரின் ஆக்கமன்று. ஆனால் படத்தின் கட்டமைப்பு, நாம் மேலே கண்ட சிறு விளையாட்டுகளுடையதே. ஒரே வீடு, ஒரே இரவு, ஓட இயலாத உடல், படைக்கலமின்மை, இறந்து இறந்து கற்றல் ஆகிய ஐந்தும் அதில் உள்ளன. இரண்டாம் உயிரில் அவள் முதலுயிரின் பிழையை நினைவிற்கொண்டு நடக்கும்போது, அச்சம் அறிவாக மாறுவதைக் காண்கிறோம். தமிழில் வந்த பேய்ப்படங்களும் கொலைப்படங்களும் இதற்குமுன் இதனைச் செய்ததாக நாம் அறியோம்.

எனினும் ஒரு குறை சொல்லியே ஆக வேண்டும். இப்படத்தில் அச்சத்தின் நிலைக்களன் கள்வரே. கொடியோர் வெளியே; நல்லாள் உள்ளே. காண்பவர் தொடக்கம் முதல் இறுதி வரை அவள் பக்கமே நிற்கலாம். எந்தப் பக்கம் நிற்பது என்று ஒரு நொடியும் தயங்க வேண்டியதில்லை. விளையாட்டின் மூன்று உயிர்களைப் பெற்றுக்கொண்ட படம், விளையாட்டின் கையை, அதாவது நாமே தேர்ந்து நாமே செய்து நாமே பழி சுமக்கும் நிலையைப் பெறவில்லை.

இறை என்னும் நான்காவது களன்

அப்பழியை முழுமையாகச் சுமத்திய ஆக்கம் ஒன்று தைவான் நாட்டில் உண்டு. 'ரெட் கேண்டில் கேம்ஸ்' என்னும் சிறு குழுவினர் 2017-இல் வெளியிட்ட 'டிடென்ஷன்' என்பது அது. அந்நாட்டில் 1949 முதல் 1987 வரை இராணுவச் சட்டம் நிலவியது. தடைசெய்யப்பட்ட நூல்களைப் படித்தோர் சிறைப்பட்டனர், கொல்லவும்பட்டனர். கதை 1960-களில் ஒரு மலைநாட்டுப் பள்ளியில் நிகழ்கின்றது. ஆசிரியரும் மாணவரும் மறைவாக நூல் படித்து வருகின்றனர். இரவில் ஆளற்ற பள்ளியில் ஒரு மாணவி தனித்து நடக்கிறாள். நாமே அவளை நடத்துகிறோம். அந்நாட்டு வழிபாட்டுப் பொருள்களும் பேயுருவங்களும் நம்மைச் சூழ்கின்றன. இறுதியில் தெரியவருவது, அவ்வாசிரியரையும் மாணவரையும் காட்டிக்கொடுத்தவள் அம்மாணவியே என்பது.

இத்தனை நேரம் அவளை நடத்தியது நம் கை. 2019-இல் ஜான் சூ இதனைத் திரைப்படமாக்கினார்; அப்படம் அந்நாட்டின் உயரிய கோல்டன் ஹார்ஸ் விருதுகள் சிலவற்றைப் பெற்றது. பாடநூலில் ஒரு பத்தியாகக் கடந்துவிடக்கூடிய காலத்தை, அதன்பின் பிறந்த இளைஞரும் தம் கையால் தொட்டறிய இச்சிறு விளையாட்டு வழிசெய்தது.

இந்தோனேசியாவின் 'ட்ரெட்அவுட்' 2014-இலும், தாய்லாந்தின் 'ஹோம் ஸ்வீட் ஹோம்' 2017-இலும் தத்தம் மண்ணின் பேய்களையே கொணர்ந்தன. அந்நாட்டுப் பாட்டிமார் சொன்ன பேய்கள், இன்று எங்கள் மகளின் கணினியிலும் நடமாடுகின்றன. இந்தோனேசியப் பேய்களின் பெயர்களை அவள் பிழையின்றிச் சொல்கிறாள். 'உனக்குத் தெரிந்த தமிழ்ப் பேயின் பெயர் ஒன்று சொல்' என்று கேட்டோம். சற்று எண்ணிவிட்டுக் 'காஞ்சனா' என்றாள்.

குற்றம் அவளுடையதன்று. நாமும் அவளுக்கு ஒன்றும் சொல்லியிருக்கவில்லை. நீலியின் கதையைச் சொல்ல முற்பட்டபோது பாதியில் நின்றுவிட்டோம். வணிகன் கையில் இருந்தது என்ன, எழுபதின்மர் ஏன் இறந்தனர் என்பவை நம் நினைவில் கலங்கிக் கிடந்தன.

பிச்சாட்டூரில் ஓர் இரவு

அவ்வாண்டுக் கோடையில் விடுப்புப் பயணச் சலுகையில் ஊருக்குச் சென்றோம். ஓரிரவு மின்சாரம் நின்றது. எங்கள் மகளும் தம்பியின் பிள்ளைகள் இருவரும் கைப்பேசி விளக்கோடு திண்ணையில் இருந்தனர். எங்கள் அன்னையாரிடம், "நீலி கதையைச் சொல்லுங்கள் அம்மா" என்று கேட்டுக்கொண்டோம். அவர் விதித்த நிபந்தனை ஒன்றே: கேட்பவர் 'ஊம்' கொட்ட வேண்டும், 'ஊம்' நின்றால் கதையும் நின்றுவிடும்.

கதை இதுதான். ஒருவன் தன் மனைவியைக் காட்டில் கொன்றான். மறுபிறப்பில் அவன் வணிகனானான். அவள் நீலி என்னும் பேயானாள். எங்கள் ஊருக்குத் தெற்கே, எல்லை கடந்தால், திருவாலங்காட்டை அடுத்த பழையனூர். வணிகன் அவ்வழியே வந்தபோது, அவன் மனைவிபோல் உருக்கொண்டு பின்தொடர்ந்தாள். கள்ளிக்கொம்பைக் குழந்தையாக்கி இடுப்பில் வைத்துக்கொண்டாள் என்று ஒரு வழக்கு; கரிக்கட்டையை என்று மற்றொரு வழக்கு. ஊரவையில் எழுபது வேளாளர் கூடியிருந்தனர். 'கணவர் என்னைக் கைவிடுகிறார்' என்று அவள் அழுதாள். 'இவள் பேய், என்னைக் கொல்வாள்' என்று அவன் நடுங்கினான். அவன் கையில் பேயை அணுகவொட்டாத மந்திர வாள் ஒன்று இருந்தது. 'அதனால் என்னைக் கொன்றுவிடுவார். வாங்கி வையுங்கள்' என்றாள் அவள். வேளாளர் வாளை வாங்கினர். 'உன் உயிருக்கு ஏதம் வந்தால் எங்கள் எழுபது உயிரும் தருகிறோம்' என்று வாக்களித்து, இருவரையும் ஒரே மனையில் தங்கவைத்தனர்.

இவ்விடத்தில் அன்னையார் நிறுத்தினார். பிள்ளைகளை நோக்கி, "அந்த எழுபது பேர்ல நீங்களும் ஒருத்தரு. வாளை வாங்கி வெச்சுக்கினு உள்ள அனுப்புவீங்களா, மாட்டீங்களா?" என்று கேட்டார்.

பிள்ளைகள் தம்முள் வழக்காடினர். எங்கள் மகள்தான் இறுதியில் சொன்னாள்: "வாங்கிடுவேன் ஆயா. கைக்கொழந்தையோட அழுவுற பொம்பளைகிட்ட, கையில கத்தி வெச்சிருக்கிறவன எப்படி அப்படியே அனுப்புறது?"

"அப்ப விடிஞ்சதும் நீயும் தீயில எறங்கணும் கண்ணு" என்றார் அன்னையார்.

'ஊம்' கொட்டும் ஒலி நின்றுவிட்டது. சிறிது நேரம் கழித்தே, வணிகன் மாண்டதையும் எழுபதின்மரும் சொன்ன சொல் தவறாது தீப்பாய்ந்ததையும் அவர் சொல்லி முடித்தார். மறுநாள் பிள்ளைகளைத் திருவாலங்காட்டுக்கு அழைத்துச் சென்று, தீப்பாய்ந்தோர் நினைவாக உள்ள மண்டபத்தைக் காட்டினோம். காரைக்காலம்மையார் தம்மைப் பேயாகவே கூறிக்கொண்டு பாடிய தலமும் அதுவே. பழையனூர் நிகழ்ச்சியைத் திருஞானசம்பந்தர் தம் ஆலங்காட்டுப் பதிகத்தில் சுட்டியுள்ளார். ஆதலின் இக்கதை ஆயிரத்து முந்நூறு ஆண்டுகட்குக் குறையாதது.

திண்ணையில் அன்று நிகழ்ந்ததைத் திறனாய்வு நோக்கில் எண்ணிப் பார்ப்போமாக. படைக்கலத்தைப் பறித்தல் அதில் உண்டு. 'அம்னீசியா' செய்தது அதுவே. ஓரிரவு, ஒரு மனை, வெளியேற வழியின்மை உண்டு. 'ஃப்ரெடிஸ்' செய்தது அதுவே. கேட்போர் குரல் கொடாவிடின் கதை நகராது; 'ஃபாஸ்மோஃபோபியா' அதற்கு அணித்தே நிற்கின்றது. எல்லாவற்றுக்கும் மேலாக, நல்லெண்ணத்தோடு நாமே தேர்ந்த ஒன்று பிறன் உயிரைப் போக்கியது என்னும் பழி உண்டு. 'டிடென்ஷன்' தொட்ட ஆழம் அது. எழுபதின்மரைக் கொன்றவள் நீலி அல்லள். அவர்கள் அஞ்சியது தம் சொல்லுக்கு. அழுகின்றவளை நம்புவது, ஆயுதம் ஏந்தியவனிடமிருந்து அதனை வாங்குவது என்று அறம் சொன்னவற்றையே செய்தார்கள். அறம் செய்தும் பிழைபட்ட கைகளோடு தீயை நோக்கி நடந்தார்கள்.

இன்னும் ஒன்றுண்டு. நம் மொழி 'நீலிக்கண்ணீர்' என்று அவளுடைய வஞ்சத்தை மட்டுமே நினைவில் வைத்திருக்கின்றது. முற்பிறப்பில் கணவன் கையால் மாண்டபோது அவள் சிந்திய கண்ணீர் பொய்யன்று. அதனைக் கேட்க அன்று எந்த அவையும் கூடவில்லை. ஒரே கதையில் ஒருமுறை வேளாளராகவும், ஒருமுறை வணிகனாகவும், ஒருமுறை நீலியாகவும் நின்று பார்க்கும் வாய்ப்பு, ஏட்டிலும் மேடையிலும் அரிது. விளையாட்டில் அது எளிது.

மறுப்பும் வேண்டுகோளும்

இக்கலையில் களை இல்லை என்று சொல்ல மாட்டோம். விளையாடுவோர் அலறுவதைப் படம்பிடித்து இணையத்தில் இடும் வழக்கம் பெருகியபின், அலற வைப்பதொன்றே நோக்கமாக ஆக்கப்பட்ட விளையாட்டுகள் மலிந்துவிட்டன. இருளிலிருந்து ஓர் உருவம் திடீரெனப் பாய்வதற்குக் கலை எதுவும் தேவையில்லை. கதவிடுக்கில் ஒளிந்து 'பூச்சாண்டி' காட்டும் சிறுவனும் அதனைச் செய்வான். பொம்மைக் கடையை மனத்திற்கொண்டே பேய் வரைவோரும் உளர். சிறு பிள்ளைகளின் உறக்கத்தை இவை கெடுக்கும் என்னும் பெற்றோரின் கவலையும் நேரியதே. எந்த வயதில் எதனைத் தருவது என்னும் காவல் நம்முடையது. எங்கள் இல்லத்தில் தேர்வுக் காலத்துத் தடை இன்றும் நீடிக்கின்றது.

ஆயினும் இவ்வளவும் கருதி, இக்கலையைக் கதவுக்கு வெளியே நிறுத்திவிட இயலாது. தமிழர் இதிற்புகுந்து வெல்லலாம் என்பதற்குச் சான்றும் வந்துவிட்டது. கனடாவில் தொராண்டோ நகரில் இயங்கும் 'விசை கேம்ஸ்' என்னும் சிறு குழுவினர் 2023-இல் 'வெண்பா' என்னும் விளையாட்டை வெளியிட்டனர். 1980-களில் கனடாவிற்குக் குடிபெயர்ந்த தமிழ்க் குடும்பத்தின் கதை அது. தாயின் கிழிந்த சமையற் குறிப்பேட்டில் எழுத்துகள் அழிந்திருக்கின்றன. இட்டிலித் தட்டுகளை எம்முறையில் அடுக்குவது என்று ஆடுவோரே ஆய்ந்து அறிய வேண்டும். பேய் இல்லை, அச்சமும் இல்லை என்று சொல்ல மாட்டோம். மகன் தன் மொழியை மெல்ல மறப்பதைக் காணும் தாயின் அச்சம் அதில் உண்டு. பிரித்தானியாவின் பாஃப்டா விருதுகளில் 2024-இல் அறிமுக விளையாட்டுக்கான விருது அதற்கு வழங்கப்பட்டது. நம்மைப்போல் ஊர்விட்டு ஊர்வந்தோரின் அடுக்களையை உலகம் முழுவதும் ஆடிப் பார்த்தது.

அடுக்களை சென்ற வழியில் ஆலங்காடும் செல்லலாம். நம் சங்கத்துக் குடும்பங்களில் கணினி பயின்ற இளைஞர்க்குக் குறைவில்லை. 'ஸ்லெண்டர்', 'ஃப்ரெடிஸ்', 'எக்ஸிட் 8' ஆகியன ஒவ்வொன்றும் தனியொருவர் முயற்சியில் தொடங்கியவை என்பதை அவர்கள் எண்ணிப் பார்க்க வேண்டும். அவர்களிடம் இல்லாதது கதை. அது இருப்பது நம்மிடமும், நமக்கு மூத்தோரிடமும்.

ஆண்டுதோறும் பொங்கல் விழாவில் பிள்ளைகளுக்குத் திருக்குறள் ஒப்புவித்தல் போட்டி நடத்துகிறோம். நன்று, அது தொடரட்டும். அதனோடு ஓரிரவு விளக்குகளைத் தணித்து, நம் முதியோரைக் கொண்டு கதை சொல்லச் செய்வோமாக. பிள்ளைகள் 'ஊம்' கொட்டட்டும். கதையின் நடுவே, 'நீ என்ன செய்திருப்பாய்?' என்று அவர்களைக் கேட்போமாக. நீலியை விளையாட்டாக்கும் கை நம் பிள்ளைகளுடையதாய் இருக்கட்டும். அதற்குமுன் அவள் கதையை முழுமையாகச் சொல்லிக்கொடுக்கும் கடமை நம்முடையது.

நாமும் பிச்சாட்டூரிலிருந்து திரும்பும்போது, அன்னையார் சொன்ன கதையை ஒரு குறிப்பேட்டில் எழுதிக்கொண்டு வந்தோம். பாதியில் நின்ற இடம் இனி நிற்காது.